பழைய இன்வர்ட்டர், புது லித்தியம் பெட்டி

குடும்பக் குழு: டர்பன் – லெனேசியா (தென்னாப்பிரிக்கா)

தேவி அத்தை: நாலு பழைய பேட்டரியையும் கழட்டிட்டு ஒரே ஒரு லித்தியம் பெட்டியை மாட்டிட்டுப் போயிட்டாங்க. மேல 51.2 வோல்ட், 100 ஆம்ப்-அவர்னு போட்டிருக்கு. இன்வர்ட்டர் பழசுதான். சார்ஜ் முடியுற நேரத்துல கத்திட்டு மொத்தமா அணைஞ்சு போகுது. பெட்டி கெட்டுப்போச்சா?

சிவா மாமா: கெட்டிருக்காது தேவிக்கா. இன்வர்ட்டர் மெனுவுல 5ஆம் நம்பர்ல பேட்டரி வகை என்ன இருக்குன்னு பாருங்க.

கலா: நான் பார்த்தேன் மாமா. ஃப்ளடட்.

சிவா மாமா: அதான் விஷயம். ஃப்ளடட்னா தண்ணி ஊத்துற லெட்-ஆசிட் பேட்டரி. அந்த செட்டிங்ல இன்வர்ட்டர் 58.4 வோல்ட் வரைக்கும் ஏத்தும். உங்க பெட்டிக்குள்ள 16 செல் வரிசையா இருக்கு. 58.4ஐ 16ஆல வகுத்தா 3.65. ஒரு செல் தாங்குற உச்சமே அவ்வளவுதான். பதினாறும் ஒரே மாதிரி ஏறாது, ஏதாவது ஒண்ணு முந்திக்கும். அது 3.65ஐத் தொட்டதும் உள்ள இருக்கிற பி.எம்.எஸ்., அதாவது செல்லுங்களைக் காவல் காக்குற மின்னணு அட்டை, சார்ஜை வெட்டிடும். திடீர்னு பேட்டரி காணாமப் போனதும் இன்வர்ட்டர் பக்கம் வோல்டேஜ் எகிறி அதுவும் நின்னுடுது. பி.எம்.எஸ். அதோட வேலையைச் சரியாத்தான் செஞ்சிருக்கு.

சிவா மாமா: கலா, வகையை யூசர்னு மாத்து. அப்புறம்தான் மத்தது மாத்த விடும். 26ல (பல்க், முழு சார்ஜ் வோல்டேஜ்) 55.2, 27ல (ஃப்ளோட், முழுசானதும் நிக்குற வோல்டேஜ்) 54, 29ல (கட்-ஆஃப், இவ்வளவு இறங்கினா பேட்டரியை வெட்டுறது) 48. ஈக்வலைசேஷன் 30ல இருக்கும், அதைக் கட்டாயம் அணைச்சிடு. லெட் பேட்டரில தகட்டுல படிஞ்ச சல்ஃபேட்டைக் கரைக்கத்தான் அது, லித்தியத்துக்கு வெறும் கேடு. மாடலுக்கு மாடல் நம்பர் கொஞ்சம் மாறும், பேரைப் பார்த்து மாத்து. சார்ஜ் கரண்ட் 50 ஆம்ப்புக்கு மேல வேண்டாம், 30 போதும்.

ரமேஷ் அண்ணன்: 29ஐ மறந்துடாதே கலா. கம்பெனி செட்டிங் 42 வோல்ட், அதாவது செல்லுக்கு 2.6 சொச்சம். அவ்வளவு கீழ இறக்கி அப்படியே விட்டா தானாவே இன்னும் இறங்கும். ரொம்பவே கீழ போனா உள்ள இருக்கிற தாமிரத் தகடு கரைய ஆரம்பிக்கும். அதுக்கப்புறம் சார்ஜ் ஏத்துனா கரைஞ்ச தாமிரம் கண்ட இடத்துல படிஞ்சு உள்ளுக்குள்ளேயே ஷார்ட் ஆகும்.

சிவா மாமா: வயரையும் பாரு. 5 கிலோவாட் இழுத்தா 48 வோல்ட்ல 100 ஆம்ப்பைத் தாண்டும். 35 ஸ்கொயர் எம்.எம். கேபிள் வேணும், பாசிட்டிவ்ல டி.சி. ஃபியூஸ் வேணும். ஏ.சி. பிரேக்கரை அங்க போட்டிருந்தா கழட்டச் சொல்லு, டி.சி.யோட ஆர்க்கை, அதாவது விடாம எரியுற தீப்பொறியை, அது அணைக்காது. கெட்டில் ஓடுறப்ப கேபிள் முனையில நட்டு போட்டு மாட்டுற லக் கிட்ட கையைக் கொண்டுபோ, தொட வேண்டாம். அனல் அடிச்சா நட்டு சரியா இறுகலை. எலக்ட்ரீஷியனையே கூப்பிட்டு இறுக்கச் சொல்லு, வயரிங் விதிப்படி இருக்குன்னு தர்ற சான்றிதழ், சி.ஓ.சி.யும் கையோட வாங்கிடு. அது இல்லாம இன்சூரன்ஸ்காரங்க பேசவே மாட்டாங்க.

தேவி அத்தை: பழைய பேட்டரில ரெண்டு நல்லாத்தான் இருக்கு. அதையும் கூடச் சேர்த்துக்கலாமா?

சிவா மாமா: கூடவே கூடாதுக்கா. லெட்டோட வோல்டேஜும் லித்தியத்தோட வோல்டேஜும் வேற வேற மாதிரி ஏறி இறங்கும். ஒண்ணு இன்னொண்ணுக்குள்ள ஊத்திக்கிட்டே இருக்கும்.

தேவி அத்தை: இன்னொண்ணு. பெட்டி சாமி ரூம் சுவத்துல தொங்குது, கீழதான் விளக்கு ஏத்துறேன். ஃபோன் பேட்டரி மாதிரி வெடிச்சிடாதே?

ரமேஷ் அண்ணன்: அத்தை, ஃபோன்ல இருக்கிறதும் இதுவும் வேற வேற. எங்க பிரிஞ்சதுன்னு சொல்றேன். 1970கள்ல எக்ஸான் கம்பெனில விட்டிங்ஹாம் டைட்டானியம் டைசல்ஃபைடும் லித்தியம் உலோகமும் வச்சு திரும்பத் திரும்ப சார்ஜ் ஏத்துற பேட்டரி செஞ்சார். 2 வோல்ட்டுக்குக் கொஞ்சம் மேல. ஆனா ஒவ்வொரு சார்ஜுக்கும் லித்தியம் ஊசி ஊசியா வளர்ந்து எதிர்ப் பக்கத்தைத் தொட்டு ஷார்ட் ஆச்சு, தீப்பிடிச்சுது. 1980ல ஆக்ஸ்ஃபோர்டுல குட்எனஃப் கோபால்ட் ஆக்ஸைடுக்கு மாத்தினார், 4 வோல்ட் கிடைச்சுது. 1985ல ஜப்பான்ல யோஷினோ லித்தியம் உலோகத்தையே எடுத்துட்டு பெட்ரோலியம் கோக் கரியைப் போட்டார். லித்தியம் கரிக்குள்ள போய் உக்காந்துக்கும், ஊசி வளராது. 1991ல சோனி விற்பனைக்குக் கொண்டு வந்தது இந்த வழிதான். இன்னைக்கும் ஃபோன்ல பெரும்பாலும் கோபால்ட்தான். அது ரொம்பச் சூடானா தானே ஆக்சிஜனை விடும். எரியுற திரவமும் உள்ளேயே, ஆக்சிஜனும் உள்ளேயே, அதனாலதான் அணைக்க முடியறதில்லை.

கலா: அப்ப எங்க பெட்டில கோபால்ட் இல்லையா?

ரமேஷ் அண்ணன்: சுத்தமா இல்ல. இரும்பும் பாஸ்பேட்டும். இதுக்குள்ள நம்மாள் ஒருத்தர் உழைப்பு இருக்கு. தமிழ்நாட்டுத் தென்கோடில அமரபுரம்னு ஒரு சின்ன ஊர், அங்க பிறந்த ஆறுமுகம் மந்திரம். மதுரையிலயும் சென்னை ஐ.ஐ.டி.யிலயும் படிச்சுட்டு குட்எனஃப் கூட வேலை செஞ்சார். வெறும் இரும்பு ஆக்ஸைடுல 2.5 வோல்ட்கூடத் தேறாது. அதே இரும்பை சல்ஃபேட்ல வச்சா 3.6 வருதுன்னு 1980கள்லேயே காட்டினாங்க. அந்த வழியில போய்த்தான் 1997ல பாதி, நஞ்சுண்டசாமி, குட்எனஃப் குழு டெக்சாஸ்ல இரும்பு பாஸ்பேட்டை வெளியிட்டாங்க. பாஸ்பரஸ் ஆக்சிஜனை விடாப்பிடியா பிடிச்சிருக்கும், சூடானாலும் லேசுல விடாது. 2019ல நோபல் கிடைச்சப்ப குட்எனஃப்புக்கு வயசு 97, அவர் சார்பா ஸ்டாக்ஹோம்ல உரையாற்றினது மந்திரம்தான்.

சிவா மாமா: நம்ம நாட்டுக்காரரை விட்டுட்டியேப்பா. மைக்கேல் தாக்கரே, பிரிட்டோரியாவுல சி.எஸ்.ஐ.ஆர். ஆராய்ச்சி நிறுவனத்துல இருந்தவர். 1980களோட தொடக்கத்துல ஆக்ஸ்ஃபோர்டு போய் ஸ்பினல்னு ஒரு படிக அமைப்புக்குள்ள லித்தியம் போய் வரும்னு காட்டினார். அவ்வளவு நெருக்கமான அமைப்புல இடமே இருக்காதுன்னு குட்எனஃப்பே முதல்ல நம்பலை. மாங்கனீஸ் ஸ்பினல் அப்படித்தான் வந்தது, 2010ல வந்த முதல் நிசான் லீஃப் கார்ல முக்கியமா அதுதான். சூட்டுல மாங்கனீஸ் கொஞ்சம் கொஞ்சமா கரையுறது அதோட குறை. நார்தர்ன் கேப்ல கலஹாரி பக்கம் அவ்வளவு மாங்கனீஸை வச்சுக்கிட்டு இந்தப் பேரை நம்ம பிள்ளைங்களுக்குப் பள்ளிக்கூடத்துல சொல்லித் தராதது எனக்கு வருத்தம்தான்.

ரமேஷ் அண்ணன்: ஆனா அத்தை, எரியவே எரியாதுன்னு நினைச்சுக்காதீங்க. இதுலயும் உள்ள இருக்கிற திரவம் எரியக்கூடியதுதான். செல் பழுதானா வாயு வெளிய வரும், அதுக்குத் தீ பட்டா பத்திக்கும். விளக்குக்கு மேல இருக்கக் கூடாது. கராஜ் சுவர்ல மாட்டுங்க, வெயில் படாத பக்கம், வெளிய ஓடுற வழியை அடைக்காத இடம். கூரைக்கும் சீலிங்குக்கும் நடுவுல வேண்டாம், டர்பன் கோடைக்கு அங்க வெந்துடும்.

கலா: லெனேசியால குளிருக்கு என்ன பண்றீங்க?

ரமேஷ் அண்ணன்: ஜூலை விடியக்காலைல இங்க பூஜ்யத்துக்குக் கீழ போகும். அந்தக் குளிர்ல சார்ஜ் ஏத்துனா லித்தியம் கரிக்குள்ள போக முடியாம மேலேயே உலோகமாப் படியும். விட்டிங்ஹாம் காலத்து ஊசிப் பிரச்சினையே திரும்ப வந்துடும். நல்ல பி.எம்.எஸ். 0 டிகிரில சார்ஜை நிறுத்திடும். கரண்ட் எடுக்குறதுக்குத் தடையில்லை. வீட்டுக்குள்ள வச்சா இந்தக் கவலையே வராது, உங்களுக்கு டர்பன்ல எங்க வச்சாலும் வராது.

கலா: செட்டிங் மாத்தியாச்சு, இப்ப அணையலை. பி.எம்.எஸ். ஆப்ல பார்த்தா 15 செல் 3.43, 11ஆவது மட்டும் 3.58.

சிவா மாமா: முந்திக்கிட்டது அதுதான். 55.2லயே சில மணி நேரம் நிக்கட்டும். பி.எம்.எஸ். அந்த ஒரு செல்லுல இருந்து மட்டும் கொஞ்சமா கரண்டைக் கசிய விட்டுச் சமன் பண்ணும். மெதுவாத்தான் நடக்கும், நாலஞ்சு தடவை முழு சார்ஜ் ஆகணும். நடுவுல செல் வோல்டேஜைப் பார்த்து எதையும் முடிவு பண்ணாதே. 20ல இருந்து 80 சதவீதம் வரைக்கும் 3.2, 3.3னுதான் காட்டும்.

கலா: சமன் ஆகலைன்னா?

சிவா மாமா: இன்னைக்கு ராத்திரி 15 சதவீதத்துக்குப் பக்கத்துல வர்றப்ப லோடு ஓட வச்சு ஒரு ஸ்கிரீன்ஷாட் எடு. அங்க 11ஆவது மத்ததைவிட மேல இருந்தா சமன் பிரச்சினைதான், சரியாகும். மேல முந்துன அதே செல் கீழயும் முதல்ல விழுந்தா அதோட கொள்ளளவே குறைஞ்சிருக்கு. ரெண்டு படத்தையும் பெட்டியோட சீரியல் நம்பரையும் வித்தவங்களுக்கு அனுப்பி வாரண்டில மாத்தச் சொல்லு.

கலா: சரி மாமா. எலக்ட்ரீஷியன் சனிக்கிழமை வர்றார். கராஜுக்கு மாத்தணும், லக் இறுக்கணும், சி.ஓ.சி. மூணையும் சொல்லிட்டேன்.