ராத்திரியில் அலை நீலமாக மின்னுகிறதே, இது என்ன? காலை நனைக்கலாமா?

வேளச்சேரி_வாசி:

நேற்று ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் குடும்பத்தோடு திருவான்மியூர் கடற்கரைக்குப் போயிருந்தோம். அலை உடையும்போதெல்லாம் அதன் விளிம்பில் ஒரு நீல வெளிச்சம் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை ஓடி அணைந்துவிடுகிறது. ஈர மணலில் என் பெண் குதித்தால் அவள் காலைச் சுற்றிப் பொட்டுப் பொட்டாக மின்னுகிறது. வீடு வந்து சேர்வதற்குள் அபார்ட்மென்ட் வாட்ஸப் குழுவில் ஆளாளுக்கு ஒரு விளக்கம்: ஏதோ ஆலையின் ரசாயனம் கலந்துவிட்டது, கடலில் இருக்கும் பாஸ்பரஸ் எரிகிறது, சுனாமி வருவதற்கு முன்னால் இப்படித்தான் ஆகும், எல்லாம் போட்டோஷாப். கடைசி ஒன்று பொய் என்பது மட்டும் எனக்குத் தெரியும், கண்ணால் பார்த்தேன். மற்றது?

2019-லும் இப்படி வந்தது என்கிறார்கள், அப்போது நான் ஊரில் இல்லை. காலை நனைத்தது தப்பா? மீன் வாங்கலாமா?

பிளாங்டன்_பித்து:

மற்ற மூன்றும் பொய்தான், நிம்மதியாக இருங்கள். நீங்கள் பார்த்தது அநேகமாக நாக்டிலூகா சின்டிலன்ஸ் என்ற ஒரு செல் உயிரி. 2019 ஆகஸ்ட் 18 ராத்திரி பெசன்ட் நகர், திருவான்மியூர், நீலாங்கரை என்று வரிசையாக ஊரே கடற்கரைக்கு ஓடியதே, அதற்கும் இதுதான் காரணம். 2024 அக்டோபரிலும் வந்தது.

ஒரே செல்தான் என்றாலும் பெரிய செல், கால் மில்லிமீட்டர் முதல் 2 மில்லிமீட்டர் வரை வளரும். நம்ப முடியவில்லை என்றால் அடுத்த முறை ஒரு கண்ணாடி பாட்டிலில் அந்தத் தண்ணீரைப் பிடித்து, வீட்டில் ஆடாமல் வைத்துவிட்டுக் காலையில் பாருங்கள். தண்ணீரின் மேல்பரப்பில் ரோஸ் நிறப் படலம் கட்டியிருக்கும். பூதக்கண்ணாடி வைத்தால் வெந்த ஜவ்வரிசி போலத் தெளிவான உருண்டைகள், ஒவ்வொன்றிலும் ஒரு சின்ன வால் மெதுவாக அசைவதும் தெரியும். உடம்புக்குள் அம்மோனியம் நிறைந்த திரவத்தைச் சேர்த்து வைத்திருப்பதால் கடல் நீரைவிட எடை குறைவு, அதனால்தான் மேலே மிதக்கிறது, காற்று கரைப் பக்கமாக வீசும்போது மொத்தமாகக் கரைக்கு ஒதுங்குகிறது.

வெளிச்சம் வரும் விதம்தான் எனக்கு இதில் மிகவும் பிடித்த விஷயம். செல்லின் ஓரத்தில் நுண்ணிய பைகள் இருக்கின்றன. அலையோ, உங்கள் பெண்ணின் காலோ செல்லை அழுத்தினால் ஒரு மின் துடிப்பு செல் முழுக்க ஓடி, அந்தப் பைகளுக்குள் அமிலத்தன்மை சட்டென்று கூடுகிறது. உடனே லூசிபெரின் என்ற பொருள் லூசிபெரேஸ் என்ற நொதியின் துணையோடு ஆக்சிஜனுடன் சேர்ந்து ஒளியை விடுகிறது. எல்லாம் சேர்ந்து ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்குதான். பாஸ்பரஸ் எரிவதெல்லாம் கிடையாது, வெப்பமும் கிட்டத்தட்ட இல்லை. அமிலம்தான் சாவி என்பதை நீங்களே சோதிக்கலாம்: இருட்டறையில் பாட்டிலுக்குள் சில சொட்டு வினிகர் விட்டால் எல்லாம் ஒரே நேரத்தில் ஒளிர்ந்து தீரும். ஆனால் அதோடு அவை செத்துவிடும், குழந்தைக்குக் காட்டுவதாக இருந்தால் அதையும் சொல்லிவிடுங்கள்.

எதற்காக இந்த வெளிச்சம்? இதைத் தின்ன வரும் குட்டி இறால் போன்ற உயிரிகளை விரட்டத்தான் என்பது பொதுவாகச் சொல்லும் பதில். அதைவிட ருசியான விளக்கம் ஒன்று உண்டு: தன்னைக் கடிக்க வந்தவனை வெளிச்சம் போட்டுக் காட்டிக் கொடுத்தால், அவனைத் தின்னும் மீன் வந்துவிடும். திருடன் வந்தால் ஊரைக் கூட்டுகிற வேலை.

காலை நனைத்ததில் ஒன்றும் இல்லை. இது விஷம் சுரக்கும் ரகம் இல்லை. ஆனால் அடர்த்தியாக இருக்கும் இடத்தில் அந்த அம்மோனியா சிலருக்குத் தோலில் அரிப்பு தரும், வீட்டுக்கு வந்ததும் நல்ல தண்ணீரில் கழுவிவிடுங்கள். நீந்த வேண்டாம்.

இருட்டு_கண்ணன்:

நானும் அடித்துப் பிடித்துப் போனேன் சார், எனக்கு நீலமே தெரியவில்லை. ஏதோ மங்கலான வெள்ளையாக நுரை தெரிந்தது. பக்கத்தில் ஒருவர் போனில் எடுத்த படத்தில் மட்டும் பளீரென்று நீலம். ஊரை ஏமாற்றுகிறார்களோ என்று தோன்றியது.

பிளாங்டன்_பித்து:

ஏமாற்று இல்லை. மங்கின வெளிச்சத்தில் வேலை செய்யும் விழிச் செல்களுக்கு நிறம் பிரிக்கத் தெரியாது, அதனால் வெளிச்சம் குறைவாக இருந்தால் சாம்பல் வெள்ளையாகத்தான் தெரியும். கேமரா சில நொடிகள் திறந்திருந்து ஒளியைச் சேர்த்துவிடுவதால் அதில் நீலம் தூக்கலாக வரும். கடற்கரைச் சாலை விளக்கு, நிலா, கையில் இருக்கும் போன் திரை மூன்றும் உங்களுக்கு எதிரி. அமாவாசையை ஒட்டி, விளக்கில்லாத இடத்தில், ஒரு இருபது நிமிஷம் போனைப் பார்க்காமல் நின்றால் கண் பழகும். போனைப் பார்க்காமல் இருபது நிமிஷம் நிற்பதுதான் கஷ்டம்.

கோவளத்துக்காரன்:

கரையில் நின்று பார்ப்பவர்களுக்கு இது திருவிழா, எங்களுக்கு வேறு கணக்கு. எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகக் கடல் தொழில். தண்ணீர் இப்படி இருக்கும் ராத்திரியில் கவளை மீன் வலையைப் போட்டால் கண்ணி கண்ணியாக வலையே எரிவது தெரியும். நமக்குத் தெரிந்தால் மீனுக்குத் தெரியாதா? ஒதுங்கிப் போய்விடும். வலையைத் தூக்கும்போது கையெல்லாம் மினுமினுக்கும், வலைக்குள் ஒன்றும் இருக்காது. ஆனால் கூட்டத்தைச் சுற்றி வளைத்துப் பிடிப்பவனுக்கு இதே தண்ணீர் லாபம், ஏனென்றால் கவளைக் கூட்டம் நகர்ந்தால் அடியில் ஒரு வெளிச்சத் திட்டு நகரும், அதை மேலிருந்தே பார்த்து வளைத்துவிடலாம் (இப்படி வளைக்கும் சுருக்குமடி வலை சரியா தப்பா என்ற சண்டையை இங்கே ஆரம்பிக்காதீர்கள், அதற்குத் தனித் திரி இருக்கிறது).

பெரியவர்கள் யாரும் இதைப் பார்த்துப் பயந்ததில்லை. சுனாமிக்கும் இதற்கும் முடிச்சுப் போடுவது வாட்ஸப்காரர்கள் வேலை.

பாம்பன்_தீவு:

எங்கள் பக்கம் நடந்ததையும் கொஞ்சம் கேளுங்கள், சென்னையில் மட்டும் பார்த்துவிட்டு அழகு அழகு என்று போய்விடாதீர்கள். அதே 2019, செப்டம்பர். மண்டபம் கரையில் தண்ணீர் பச்சையாகி, பாறை மீன்கள் செத்துக் கரையில் ஒதுங்கின. காரணம் இதே நாக்டிலூகா, ஆனால் பச்சை ரகம். சிங்கிள் தீவு, குருசடைத் தீவு பக்கமுள்ள பவளப்பாறை மேலே அது அடர்ந்து நின்று, பிறகு செத்து மட்கியபோது தண்ணீரில் இருந்த ஆக்சிஜனை இழுத்துவிட்டது. லிட்டருக்கு 2 மில்லிகிராமுக்கும் கீழே போனதாக ஆய்வில் அளந்திருக்கிறார்கள். மீனுக்கு நீந்தி ஓடவாவது வழி உண்டு. பவளம் எங்கே ஓடும்? வேகமாக வளரும் அக்ரோபோரா, மாண்டிபோரா, பொசில்லோபோரா வகைகள்தான் அதிகம் செத்தன. 2016-ல் கடல் சூடாகி வெளுத்துப்போன பாறைகள் அப்போதுதான் தேறி வந்துகொண்டிருந்தன, அதன் மேல் இது.

ஒரே உயிர், ஒரு ஊரில் செல்பி, இன்னொரு ஊரில் சாவு. இரண்டையும் சேர்த்துத்தான் பேச வேண்டும்.

அடையாறு_ரவி:

கேட்டால் கோபம் வரும், ஆனாலும் சொல்கிறேன், இதெல்லாம் சாக்கடையின் வெளிச்சம். கூவமும் அடையாறும் கடலில் கொட்டுவது பாலும் தேனும் இல்லை. அதைத் தின்று இது பெருகுகிறது, நாம் நின்று கை தட்டுகிறோம்.

பிளாங்டன்_பித்து:

ரவி அண்ணா, பாதி சரி. சென்னையில் வரும் சிவப்பு ரகம் சாக்கடையை நேராகத் தின்னாது, செடி போல வெயிலில் சொந்தமாகச் சமைக்கவும் அதற்குத் தெரியாது. டயாட்டம் என்ற நுண்பாசியையும், கிடைத்தால் மீன் முட்டையையும் விழுங்கித்தான் வாழ்கிறது. கழிவு நீரில் வரும் நைட்ரஜனும் பாஸ்பேட்டும் டயாட்டத்தை வளர்க்கும், டயாட்டம் பெருகினால் இதற்குப் பந்தி. மழைக்கு அப்புறம் ஆறு கொண்டுவந்து கொட்டினாலும், சத்து நிறைந்த அடியாழத் தண்ணீர் மேலே ஏறினாலும் அதே பந்திதான். எந்த ராத்திரிக்கு எது காரணம் என்று கரையில் நின்று சொல்லிவிட முடியாது.

பச்சை ரகம் இன்னும் வில்லங்கமானது. அதன் வயிற்றுக்குள் ஆயிரக்கணக்கில் பச்சைப் பாசிகள் குடியிருந்து வெயிலில் சமைத்துப் போடுகின்றன, வெளியிலும் வேட்டையாடும், இரண்டு வருமானம். 2000-க்குப் பிறகு வடக்கு அரபிக்கடலில், கரையை விட்டு வெகுதூரத்திலும், குளிர்காலம் தோறும் டயாட்டத்தைத் தள்ளிவிட்டு இதுதான் பரந்து கிடக்கிறது. ஆக்சிஜன் குறைந்த ஆழ்நீர் மேலே வருவதுதான் இதற்குத் தோதாக அமைகிறது என்று 2014-ல் ஒரு ஆய்வு சொன்னது. இதை விரும்பித் தின்பவை சால்ப், ஜெல்லிமீன் போன்ற வழவழப்பான மிதவை உயிரிகள்தான், நாம் தின்னும் மீன்கள் இல்லை. எனக்குக் கவலை தருவது அந்தப் பந்தி வரிசை மாறுவதுதான்.

வேளச்சேரி_வாசி:

எல்லோருக்கும் நன்றி. பாட்டில் சோதனையை இன்று ராத்திரியே செய்யச் சொல்லிப் பெண் பிடிவாதம். மீன் பற்றிய கேள்வி அப்படியே நிற்கிறது. மாமியார் வேறு மட்டி வாங்கி வைத்திருக்கிறார்.

கோவளத்துக்காரன்:

உயிரோடு ஓடிக்கொண்டிருந்ததை வலையில் பிடித்த மீன் என்றால் தாராளமாகச் சாப்பிடுங்கள். கரையில் செத்து ஒதுங்கினதை நாங்களே எடுக்க மாட்டோம்.

பிளாங்டன்_பித்து:

மீனுக்கு அண்ணன் சொன்னதுதான். மட்டி விஷயம் வேறு. அது நாள் முழுக்கத் தண்ணீரை வடிகட்டித் தின்பதால் அதில் இருக்கும் எல்லாம் சதையில் சேரும். நாக்டிலூகா விஷம் சுரக்காது என்றாலும் அதன் சொந்தக்காரர்களில் சில சுரக்கும், அவையும் இதே மாதிரி காலத்தில் பெருகலாம். 1981-ல் கல்பாக்கத்துக்குத் தெற்கே வயலூரில் மட்டி சாப்பிட்டு 3 பேர் இறந்தார்கள், பலர் ஆஸ்பத்திரியில் கிடந்தார்கள். அந்த விஷம் கொதிக்க வைத்தாலும் போகாது, வாய் உதடு மரத்துப்போவதில்தான் ஆரம்பிக்கும். மட்டி எந்தக் கரையில் எப்போது எடுத்தது என்று மாமியாரிடம் கேளுங்கள். இந்த வாரம் இந்தப் பக்கத்தில் எடுத்தது என்றால் கொட்டிவிடுங்கள், திட்டினால் என்னைத் திட்டச் சொல்லுங்கள்.