பேடி சாயெஃப்ஸ்கி: உச்சம் 'மார்ட்டி'யா, 'நெட்வொர்க்'கா?

மாலைநேரம்:
அமெரிக்கத் திரைக்கதை எழுத்தாளர் சாயெஃப்ஸ்கி பற்றி எங்கே பேச்சு வந்தாலும் அது, தொலைக்காட்சித் தொழிலைச் சாடும் 'நெட்வொர்க்' படத்தில்தான் போய் நிற்கிறது. திரைக்கதைக்கு மூன்று ஆஸ்கர், மூன்றும் யாருடனும் பங்கு போடாமல் தனியாக எழுதி வாங்கியவை: 'மார்ட்டி' (1955), 'தி ஹாஸ்பிடல்' (1971), 'நெட்வொர்க்' (1976). அப்படி வாங்கியவர் வேறு யாரும் இல்லை. ஆனால் அவருடைய உச்சம் இந்த மூன்றாவது படம் அல்ல. 1953 மே மாதம் என்பிசி தொலைக்காட்சியில் நேரலையாக வந்த ஒரு மணி நேர 'மார்ட்டி' நாடகம்தான். இரண்டு ஆண்டு கழித்து வந்த படம் அதன் விரிவு.

பார்க்காதவர்களுக்காகச் சொல்கிறேன். மார்ட்டி, நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் கறிக்கடையில் வேலை பார்க்கும், முப்பதைத் தாண்டிய ஆள். கூடப் பிறந்தவர்களுக்கெல்லாம் கல்யாணம் முடிந்துவிட்டது. கடைக்கு வருகிறவர்கள் "உனக்கு எப்போது?" என்று நச்சரிக்கிறார்கள். ஒரு சனிக்கிழமை மாலை, எப்போதோ அறிமுகமான பெண்ணுக்குத் தொலைபேசியில் பேசுகிறான். அவள் பேசுவது நமக்குக் கேட்பதில்லை. கேமரா மெல்ல அவன் முகத்தை நெருங்குகிறது. அவள் மறுக்கும்போது அவன் கண்ணை மூடிக்கொள்கிறான். அவ்வளவுதான், காட்சி முடிந்தது. இதை எழுதியவர் பின்னாளில் பாத்திரங்களைப் பிரசங்கம் செய்ய விட்டாரே என்பதுதான் என் வருத்தம்.

கடைசிபெஞ்ச்:
'மார்ட்டி' எனக்கும் உயிர். ஆனால் "பிரசங்கம்" என்று ஒரே வார்த்தையில் 'நெட்வொர்க்'கைத் தள்ளுவதை ஏற்க முடியாது.

அந்தப் படத்தில் பியாட்ரிஸ் ஸ்ட்ரெய்ட் வரும் நேரம் சுமார் ஐந்து நிமிடம். அதற்கு ஆஸ்கர் வாங்கினார். இருபத்தைந்து ஆண்டு கூட வாழ்ந்த கணவர் மேக்ஸ், வேறொரு பெண்ணிடம் போகிறேன் என்று வீட்டில் வைத்துச் சொல்கிறார். அவள் கத்துகிறாள், உடைகிறாள், கடைசியில் அவரிடம் கேட்பது காதலைக்கூட அல்ல. குறைந்தபட்சம் மரியாதையும் விசுவாசமும் எனக்குச் சேர வேண்டியது என்கிறாள். 'மார்ட்டி'யின் பிராங்க்ஸ் சமையலறைப் பேச்சைக் கேட்ட அதே காது கேட்டு எழுதிய பேச்சு இது. கட்டடம் உயர்ந்திருக்கலாம், வீட்டுக்குள் இருக்கும் மனிதர்களை அவர் மறக்கவே இல்லை.

மாலைநேரம்:
ஸ்ட்ரெய்ட் காட்சியை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதே மேக்ஸ் பாத்திரம், யாருக்காக வீட்டை விட்டதோ அந்தத் தொலைக்காட்சி அதிகாரி டயானாவைப் பிரியும்போது என்ன செய்கிறது? நீதான் தொலைக்காட்சியின் உருவம், தொட்டதெல்லாம் உன்னோடு அழிகிறது என்று அவள் முகத்துக்கு நேரே விளக்கம் சொல்கிறது. அவள் யார் என்பதை நாம் இரண்டு மணி நேரமாகப் பார்த்துக்கொண்டுதானே இருக்கிறோம்? எழுத்தாளர் எதற்கு நடுவில் வந்து சொல்ல வேண்டும்?

கடைசிபெஞ்ச்:
சரி, 'மார்ட்டி'யில் மட்டும் யாரும் தன்னை விளக்கவில்லையா? நடன அரங்குக்குப் போய்வா என்று அம்மா விடாமல் சொல்லும்போது, நீல சூட் போட்டாலும் சாம்பல் சூட் போட்டாலும் நான் குண்டான, அழகில்லாத ஆள்தான் என்று அவன் வெடிக்கிறானே, அதுவும் நீளமான பேச்சுதான். சாயெஃப்ஸ்கிக்கு எப்போதுமே பேச்சுதான் ஆயுதம். 1953இல் அந்தப் பேச்சு ஒருவனுடைய வெட்கத்தைச் சொன்னது. 1976இல் ஒரு தொழிலின் வெட்கக்கேட்டைச் சொன்னது.

இன்னொன்றையும் பார்க்க வேண்டும். ஐம்பதுகளின் நேரலை நாடகத்தில் நகர்த்தக் கஷ்டமான கேமராக்கள், இரண்டு மூன்று அரங்கம், அவ்வளவுதான். அதனால் முகமும் வசனமும்தான் நாடகம். எழுத்தாளர் ஒத்திகையிலேயே கூட இருப்பார். 'மார்ட்டி'யின் விதையே அப்படி வேறொரு நாடகத்தின் ஒத்திகையில் கிடைத்ததுதான். ஒத்திகை நடந்த ஓட்டல் நடனக் கூடத்தில், அழைக்கும் ஆண்களோடு ஆடுங்கள், அவர்களுக்கும் மனசு உண்டு என்று பெண்களுக்கு ஒரு பலகை வைத்திருந்தார்கள். அதைப் பார்த்துத்தான் அவருக்குக் கதை பிடித்தது. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் நேரலை நாடகங்கள் பெரும்பாலும் மறைந்துவிட்டன, படம்பிடித்த தொடர்கள் வந்துவிட்டன. 'நெட்வொர்க்'கில் இருப்பது தொலைக்காட்சி என்ற அந்த வீட்டில் வளர்ந்தவனின் கோபம். வெளியில் நின்று வைதது அல்ல.

நூலகத்திண்ணை:
இருவரும் 'ஆல்டர்டு ஸ்டேட்ஸ்' (1980) பக்கமே போகவில்லையே? அவரே எழுதிய நாவல், அவரே எழுதிய திரைக்கதை. கென் ரஸ்ஸல் இயக்கினார். ஒப்பந்தப்படி வசனத்தை மாற்ற முடியாது. அதனால் நடிகர்களை வேகமாகப் பேச வைத்தார், வாயில் சாப்பாட்டோடு பேச வைத்தார். சாயெஃப்ஸ்கி தன் பெயரை எடுத்துவிட்டு 'சிட்னி ஆரன்' என்று போடச் சொன்னார். அவருடைய இயற்பெயரின் முதல் இரண்டு சொற்கள் அவை. அதன்பின் அவர் எழுதிய படம் எதுவும் வரவில்லை. 1981 ஆகஸ்டில் புற்றுநோயால் இறந்தார், வயது 58. என் பார்வையில், தன் வசனத்தின்மேல் இருந்த பிடிவாதம்தான் அந்தக் கடைசிப் படத்தைக் கெடுத்தது. இயக்குநருக்கு ஓர் அங்குலம்கூட விடவில்லை.

கடைசிபெஞ்ச்:
பிடிவாதம் என்கிறீர்கள். அதே பிடிவாதத்தோடுதான் 'நெட்வொர்க்' படப்பிடிப்பில் இயக்குநர் லூமெட்டின் பக்கத்தில் இருந்தார். லூமெட்டும் நேரலைத் தொலைக்காட்சியில் பழகியவர், வசனத்தின் அருமை தெரிந்தவர். 'மார்ட்டி' படத்துக்கும் நாடகத்தை இயக்கிய டெல்பர்ட் மானே வந்தார். நான்கு ஆஸ்கர், கான் திரைப்பட விழாவின் தங்கப் பனை விருது. எழுத்தை மதித்த இயக்குநர் கிடைத்தபோது படம் நன்றாக வந்தது. தன் வரியை நடிகர் மென்று துப்புவதைப் பார்க்கும் எழுத்தாளருக்குப் பெயரை எடுத்துக்கொள்ளக்கூட உரிமை இல்லையா?

மாலைநேரம்:
பெயரை எடுத்ததில் நான் உங்கள் பக்கம். அது அவருடைய உழைப்பு.

ஆனால் மார்ட்டி அம்மாவிடம் வெடிக்கும் அந்தச் சமையலறை வசனத்தில் நீங்கள் ஒன்றை விட்டுவிட்டீர்கள். அவன் அதைச் சொல்லும்போது முன்னால் தட்டு இருக்கிறது, எதிரில் அம்மா இருக்கிறாள். சொல்லி முடித்தபின் அவளுக்கு மறுபடி வாய் திறக்கவே தயக்கமாக இருக்கிறது. பேச்சு ஒருவரைக் காயப்படுத்துகிறது, அது நம் கண்ணுக்குத் தெரிகிறது. 'நெட்வொர்க்'கின் செய்தி வாசிப்பாளர் ஹோவர்ட் பீல் கேமராவைப் பார்த்துக் கத்தும்போது எதிரில் அப்படி யாரும் இல்லை.

கடைசிபெஞ்ச்:
ஜன்னல்கள் இருக்கின்றனவே. அவர் சொன்னதும் ஊரே ஜன்னலைத் திறந்து மழையில் தலையை நீட்டிக் கத்துகிறது. யாருக்கும் யார் முகமும் தெரியாது. எதிரில் ஆள் இல்லாமல் போனதைத்தான் சாயெஃப்ஸ்கி எழுதியிருக்கிறார்.

மாலைநேரம்:
இப்படி நான் யோசிக்கவில்லை. இந்த வாரம் படத்தை மறுபடி பார்த்துவிட்டு வருகிறேன். ஆனால் சாயெஃப்ஸ்கியை எதிலிருந்து தொடங்கலாம் என்று யாராவது கேட்டால், அந்தத் தொலைபேசிக் காட்சியைத்தான் முதலில் காட்டுவேன்.