அப்டேட்: தாராவி லோன் மேட்டர், கோர்ட்ல கேஸ் போட்டாச்சு

முன்னாடி எழுதியிருந்தேன்ல, தாராவில லெதர் பேக் யூனிட் வச்சிருக்கற ஒருத்தருக்கு பிசினஸுக்குன்னு 8 லட்சம் குடுத்து பிராமிசரி நோட் (கடனத் திருப்பித் தரேன்னு எழுதிக் குடுக்கற பத்திரம்) வாங்கியும் பணம் வரலன்னு, அதோட அப்டேட் இது. போலீஸ்ல சிவில் மேட்டர்னு சொல்லிட்டாங்க.

வக்கீல் முதல்ல பாத்தது தேதியத்தான். 3 வருஷம் தாண்டுனா கேஸ் நிக்காது, ஆனா அந்த 3 வருஷத்துக்குள்ளயே பாக்கி இருக்குன்னு கடன் வாங்குனவரே கையெழுத்து போட்டு குடுத்த லெட்டர் இருந்துச்சு, அந்த தேதிலேர்ந்து புதுசா 3 வருஷம் கணக்காம், அந்த ஒரு பேப்பர்தாங்க காப்பாத்துச்சு. அப்புறம் கமர்ஷியல் கேஸ்ல, 3 லட்சமும் அதுக்கு மேலயும்னா, அவசரமா தடை மாதிரி உத்தரவு எதுவும் கேக்கலன்னா, கேஸ் போடறதுக்கு முன்னாடி மீடியேஷன் (சமரசப் பேச்சு) போயே ஆகணும், 2022ல சுப்ரீம் கோர்ட்டே கட்டாயம்னு சொல்லிடுச்சு. நோட்டீஸ் போயும் அவர் வரல. செம கோவம் எனக்கு, ஆனா வரலங்கற ரிப்போர்ட்ட வச்சுதான் மேல போக முடிஞ்சுது.

இப்ப சிட்டி சிவில் கோர்ட்ல ஆர்டர் 37 சம்மரி சூட் (சிவில் நடைமுறைச் சட்டத்துல இருக்கற, சீக்கிரமா முடியற வகை கேஸ்) போட்டிருக்கோம். சம்மன் கைக்குப் போய் 10 நாளுக்குள்ள அவர் ஆஜராகலன்னா நேரா டிகிரி (பணம் தரணும்னு கோர்ட் தீர்ப்பு) கேக்கலாம், வந்தாலும் கோர்ட் அனுமதி வாங்காம எதிர்வாதம் பண்ண முடியாது. சம்மன் இன்னும் சர்வ் ஆகல, வீட்டு அட்ரஸும் சேத்து குடுத்திருக்கோம்.