மாக் பத்தில் சிதறிய விமானத்திலிருந்து பிழைக்க முடியுமா?

கழுகுக்கண்: விமானங்களைப் பற்றி அரிச்சுவடி தெரிந்தவர் எவரும் 'டாப் கன்: மேவரிக்' படத்தை ரசிக்க முடியாது என்று நேற்று எழுதினேன். அதற்கு ஏன் இத்தனை கொதிப்பு? மாக் 10, அதாவது ஒலியைப் போல் பத்து மடங்கு வேகத்தைத் தாண்டியதும் விமானம் சிதறுகிறது. அடுத்த காட்சியில், விமானி மேவரிக்காக வரும் டாம் குரூஸ் முகமெல்லாம் கரியோடு உணவகத்துக்குள் நடந்து வந்து தண்ணீர் குடிக்கிறார். ஓர் எலும்புகூட முறியவில்லை!

வானம்பாடி: நம்புகிறோம் என்று எவரும் சொல்லவில்லை, ரசிக்கிறோம் என்றோம். நடிகர்களை எஃப்/ஏ-18 போர் விமானத்தின் பின்னிருக்கையில் உண்மையாகவே உட்காரவைத்து, முன்னால் கடற்படை விமானிகள் ஓட்டினார்கள். விமானி அறைக்குள் ஆறு கேமராக்கள். விமானம் வேகமாகத் திரும்பும்போது கன்னச் சதை தொங்குவதும் மூச்சு முட்டுவதும் வெறும் நடிப்பல்ல. அரிச்சுவடி தெரிந்தவனுக்குத்தான் அதன் அருமை புரியும்.

கழுகுக்கண்: கேட்டதற்குப் பதில் வரவில்லை. மாக் 10-இல் வெளியே விழுந்தவர் எப்படிப் பிழைத்தார்? 1967-இல் எக்ஸ்-15 என்ற சோதனை விமானம் மாக் 6.7-ஐ எட்டியபோது, அடியில் மாட்டியிருந்த போலி எஞ்சின் வெப்பம் தாங்காமல் கழன்றே விழுந்துவிட்டது. உலோகத்துக்கே அந்தக் கதி.

வானம்பாடி: 1966-இல் எஸ்ஆர்-71 என்ற உளவு விமானம் மாக் 3-க்கு மேலான வேகத்தில், ஏறக்குறைய 78,000 அடி உயரத்தில் சிதறியது. விமானி பில் வீவர், ஆளை வெளியே தூக்கியெறியும் இருக்கையை இயக்கவே இல்லை; விமானம் அவரைச் சுற்றி உடைந்து போனது. நினைவு திரும்பியபோது வானத்தில் விழுந்துகொண்டிருந்தார். ஊதிப் பருத்த அழுத்த உடைதான் அவரைக் காப்பாற்றியது. அந்த உயரத்தில் காற்று அவ்வளவு மெலிது, அதன் அடியும் குறைவு.

கழுகுக்கண்: பின்னால் இருந்த ஜிம் ஸ்வேயர் இறந்துபோனதை வசதியாக விழுங்கிவிட்டீர்களே! அதுவும் வெறும் மாக் 3. அதே காற்றில் வேகம் மும்மடங்கானால் தாக்கம் ஒன்பது மடங்கு. நான் கேட்டது மாக் 10.

பழைய ராடார்: 1986-இல் வந்த முதல் 'டாப் கன்' படத்தைப் பார்த்துவிட்டு வாருங்கள் இருவரும். அதுதான் படம்.

கழுகுக்கண்: அதில் எதிரிகள் ஓட்டும் 'மிக்-28' என்ற போர் விமானம் உலகத்திலேயே கிடையாது. அமெரிக்காவின் எஃப்-5 போர் விமானத்துக்குக் கறுப்பு வண்ணம் பூசி நிறுத்தினார்கள்.

பழைய ராடார்: பனிப்போர்க் காலத்தில் மாஸ்கோ படப்பிடிப்புக்குத் தன் மிக் போர் விமானத்தை அனுப்பிவைத்திருக்குமா? அந்தக் கறுப்பு விமானம் மேகத்திலிருந்து வெளிப்படும்போது வருகிற பயம் எனக்கு இன்றும் வருகிறது. மிக் என்றார்கள், ஏற்றுக்கொண்டேன்.

வானம்பாடி: ராடார் அண்ணா, புதிய படத்தையும் ஒதுக்காதீர்கள். எதிரியின் தளத்தில் கிடக்கும் பழைய எஃப்-14 போர் விமானத்தைக் கிளப்புகிற காட்சியைப் பாருங்கள். அது தானாகக் கிளம்பாது. வெளியிலிருந்து அழுத்தக் காற்று கொடுக்க வேண்டும். மேவரிக் உடனிருக்கும் இளைஞனிடம், அளவுமானியின் முள் 120-ஐத் தொடும்வரை அந்த விசையைப் பிடி என்கிறார். கதை பொய், அந்த முள் மெய். அந்த இடத்தில் நான் இருக்கையின் நுனிக்கு வந்துவிட்டேன்.

கழுகுக்கண்: அமெரிக்கக் கடற்படை 2006-இலேயே ஓய்வு கொடுத்த விமானம், ஐந்தாம் தலைமுறை எனப்படும் அதிநவீனப் போர் விமானங்களை வீழ்த்துகிறது. அதற்கும் கைதட்டினீர்களா?

வானம்பாடி: எழுந்து நின்று கைதட்டினேன். படம் வந்த 2022-இலும் ஈரான் அதை வைத்திருந்ததாவது தெரியுமா உங்களுக்கு?

சாம்பல்மேகம்: பிடித்தவர் பார்க்கட்டும், பிடிக்காதவர் விடட்டும். இதோடு முடியுங்களேன்.

கழுகுக்கண்: சென்ற மாதம் ஹெலிகாப்டர் சண்டைக்காட்சி பற்றிய விவாதத்தில் பாதியில் காணாமல் போனவர் நீங்கள். சமரசம் பேச உங்களுக்கு என்ன தகுதி?

சாம்பல்மேகம்: காணாமல் போகவில்லை. நீங்கள் ஒருமையில் பேசினீர்கள், விலகினேன். அதற்கு இன்றுவரை மன்னிப்புக் கேட்கவில்லை.

வானம்பாடி: அவரை விடுங்கள், எனக்குப் பதில் சொல்லுங்கள். மேவரிக் வெளியேறியதைப் படம் காட்டவே இல்லை. எஃப்-111 என்ற போர் விமானத்தில் விமானிகளின் அறையே கழன்று பாராசூட்டில் இறங்கும். அப்படி ஒன்று இந்த விமானத்தில் இருந்திருக்கக் கூடாதா?

கழுகுக்கண்: படத்தில் அறையைக் காட்டினார்களா? இல்லை. மாக் 10, ஐயா. மாக் 10.

பழைய ராடார்: 1986 படத்தில் இந்தத் தொல்லையே இல்லை.

வானம்பாடி: அதில் மிக்-28 இருக்கிறதே, அண்ணா.

பழைய ராடார்: நீயுமா தம்பி?