பிரெஞ்சு ஃபிரைஸ்: மசாலா மாவுக்குள்ளா, மேலேயா?

காரசாரம்: மசாலா ஃபிரைஸ்னா மாவுக் கரைசல் இல்லாம நடக்காது. அரை கிலோ உருளைக்கு அரை கப் மைதா, கால் கப் சோளமாவு (கார்ன்ஃப்ளார்), ஒரு டீஸ்பூன் மிளகாய்த்தூள், அரை டீஸ்பூன் பூண்டுத்தூள், முக்கால் டீஸ்பூன் உப்பு. தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமா விட்டு, கரண்டியில மெல்லிசாப் படியற பதத்துக்குக் கரைங்க. பொரிச்சப்புறம் தூவுற பொடி பாதி தட்டிலேயே தங்கிடும்.

வாணலிவாசி: அப்ப மொறுமொறுப்பு மாவோடது, உருளையோடது இல்லையே! அதோட கரைசல் சொட்டி, மிளகாய்த்தூள் எண்ணெயில கருகி, அடுத்த ஈடு முழுக்கக் கசக்கும்.

என் முறை இது: உருளையை 1 செ.மீ. கனத்துல நறுக்கி, குளிர்ந்த தண்ணீர்ல அரை மணி நேரம் ஊறவிடுங்க. அப்புறம் லிட்டருக்கு ஒரு டேபிள்ஸ்பூன் வினிகர் சேர்த்த தண்ணீர்ல 8–10 நிமிஷம் வேகவிடுங்க. புளிப்பு இருந்தா, கிழங்கை இறுக்கிப் பிடிச்சிருக்கிற பெக்டின்ங்கிற பசை சீக்கிரம் கரையாது, துண்டு உடையாது. வடிச்சு, ஆவி அடங்கினதும் 160 டிகிரி எண்ணெயில 4 நிமிஷம், நிறம் மாறாமப் பொரிங்க. நல்லா ஆறவிட்டு 190ல மறுபடி 2–3 நிமிஷம். எடுத்த கையோட, மேலே எண்ணெய் மினுமினுக்கும்போதே பொடியைப் போட்டுக் குலுக்கணும். உப்பையும் மசாலாவோட சேர்த்து நைஸா அரைச்சிருந்தா தட்டுல ஏன் தங்குது?

காரசாரம்: சொட்ட வடிச்சு, ஒவ்வொண்ணாப் போட்டா கருகாது. மாவுல ஈரம் இருக்கிற வரைக்கும் உள்ளே இருக்கிற தூள் அவ்வளவு சூடாகாது. 175 டிகிரி போதும். துண்டுகளைத் துடைச்சு, வறண்ட சோளமாவுல ஒருதரம் புரட்டிட்டுத்தான் கரைசல்ல முக்கணும். இல்லேன்னா மாவு கழண்டுடும். ஆறினப்புறம் கடிச்சுப் பாருங்க, எது தாங்குதுன்னு தெரியும்.

புதுக்கரண்டி: எனக்கு ரெண்டு விதத்திலயும் வெளியே சீக்கிரம் கறுத்துடுது, உள்ளே வேகல. எடுத்துவெச்சதும் நமுத்தும் போகுது.

வாணலிவாசி: கிழங்கு ஃபிரிட்ஜ்ல இருந்ததா? குளிர்ல மாவுச்சத்து சர்க்கரையா மாறும், அதான் கறுக்குது. மாவுச்சத்து நிறைஞ்ச முத்தின கிழங்கா வாங்கி வெளியே வையுங்க. நமுக்கிறதுக்குப் பெரும்பாலும் கூட்டம்தான் காரணம்: லிட்டர் எண்ணெய்க்கு 200 கிராமுக்கு மேல போட்டா சூடு விழுந்து எண்ணெய் குடிக்கும்.

காரசாரம்: டிஷ்யூ பேப்பர்ல குவிக்கிறதும் தப்பு, அடியில ஆவி தங்கிடும். கம்பி வலையில பரப்புங்க. மூடியே போடாதீங்க.

வாணலிவாசி: இதுல மட்டும் ஒத்துக்கறேன். முதல் பொரிப்புக்கு அப்புறம் ஃப்ரீசர்ல ஒரு ராத்திரி வெச்சா இன்னும் மொறுமொறுப்பு. உருகவிடாம நேரா எண்ணெய்க்குப் போகணும். ஒட்டின பனியை உதறிடுங்க, இல்லேன்னா பொங்கும்.

காரசாரம்: மாவு போட்டதையும் அப்படியே உறையவைக்கலாம். அதையும் சேர்த்துச் சொல்லுங்க!