எஸ்.டி. சான்றிதழ் நிராகரிப்பு, அவசரம், யாராவது சொல்லுங்கள்

புதுசு23: தங்கைக்கு எஸ்.டி. சான்றிதழ் கேட்டு இ-சேவையில் போட்டோம். நிராகரித்துவிட்டார்கள். அடுத்த வாரம் கலந்தாய்வு. கோர்ட்டுக்குப் போகலாமா? செட்டிநாட்டுப் பக்கம்தான் நாங்கள்.

ஓய்வு வி.ஏ.ஓ.: தம்பி, எந்த இனம்? என்ன காரணம் எழுதியிருக்கிறது? அப்பாவுக்குச் சான்றிதழ் உண்டா? செட்டிநாடு என்றால் சிவகங்கை மாவட்டமா, புதுக்கோட்டை மாவட்டமா? ரெண்டிலும் நம் ஊர்கள் இருக்கின்றன.

ஆத்தங்குடிக்காரன்: காரணமாவது ஒன்றாவது. கவனிக்க வேண்டியவரைக் கவனித்திருக்க மாட்டார்கள்.

புதுசு23: காட்டுநாயக்கன். "பழங்குடியினருக்குரிய பழக்கவழக்கங்கள் காணப்படவில்லை" என்று ஒரே வரி. அப்பாவுக்கு இருக்கிறது, பழசு.

சட்டப்புலி: கேள்வி கேட்குமுன் சாதிச் சான்றிதழ்களைச் சரிபார்ப்பது பற்றி உச்ச நீதிமன்றம் சொன்ன 1994 மாதுரி பாட்டீல் தீர்ப்பைப் படித்துவிட்டு வரலாமே. எத்தனை தடவைதான் சொல்வது? அந்தப் பழசு தாசில்தார் கொடுத்ததாக இருக்கும். எஸ்.டி.க்கு ஆர்.டி.ஓ., அதாவது வருவாய்க் கோட்டாட்சியர், கொடுத்தால்தான் செல்லும். தூக்கிக் குப்பையில் போடுங்கள்.

ஓய்வு வி.ஏ.ஓ.: ஐயா புலி, பாதி தெரிந்துகொண்டு குப்பையில் போடச் சொல்லாதீர்கள். ஆர்.டி.ஓ.வுக்கு அந்த அதிகாரம் வந்ததே 11.11.1989 அரசாணையில்தான். அதற்கு முன் தாசில்தார் கொடுத்தது செல்லும் என்று 1997இல் சென்னைத் துறைமுக ஊழியர் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. தம்பி, அப்பா சான்றிதழில் தேதியைப் பாருங்கள். தாத்தாவின் பள்ளிக்கூட டி.சி., பழைய கிரயப் பத்திரம் ஏதாவது கிடைக்குமா? அந்தக் காலப் பத்திரத்தில் பெயருக்குப் பக்கத்திலேயே ஜாதியும் எழுதியிருப்பார்கள். 1950க்கு முந்தியது என்றால் மதிப்பே தனி.

மீனா: கடைசி எழுத்தைப் பாருங்கள்! என் தோழி வீட்டுப் பத்திரத்தில் "காட்டுநாயக்கர்" என்று இருந்தது. ன் இல்லை, ர். அந்த ஒரு எழுத்துக்கு எட்டு மாதம் அலைந்தார்கள்.

சட்டப்புலி: அலையத்தான் வேண்டும். எஸ்.டி. பட்டியலில் உள்ளதை உள்ளபடியேதான் படிக்க வேண்டும். உச்ச நீதிமன்றம், மிலிந்த் வழக்கு, 2000.

புதுசு23: விசாரணையில் தேன் எடுக்கத் தெரியுமா என்று கேட்டார்கள். தாத்தா காலத்திலிருந்து ரைஸ்மில் லைன் வீட்டில் இருக்கிறோம். தேனை அவள் பாட்டிலில்தான் பார்த்திருக்கிறாள்.

ஆத்தங்குடிக்காரன்: கோபப்பட வேண்டாம். மூன்று தலைமுறை டவுனில் இருந்துவிட்டு மலையில் இருப்பவன் பங்கைக் கேட்டால்? எஸ்.டி. இடஒதுக்கீடு இருப்பதே ஒரு சதவீதம்.

மீனா: லைன் வீடு என்ன செட்டியார் வீடா அண்ணே, முகப்பும் வளவும் வைத்துக் கட்டியதற்கு? பஸ் ஸ்டாண்டில் பாசிமணி விற்கும் நரிக்குறவர்களை 2023 ஜனவரியில் பட்டியலில் சேர்த்தார்களே, அவர்களும் மலையிலா இருந்தார்கள்?

சட்டப்புலி: அது பாராளுமன்றம் செய்தது, அரசியலமைப்பின் 342ஆம் பிரிவு. எந்தக் கோர்ட்டும் பட்டியலில் ஒரு பெயரைச் சேர்க்காது. இதுகூடத் தெரியாமல்...

மீனா: கோர்ட் சேர்த்தது என்று நான் எங்கே சொன்னேன்?

ஓய்வு வி.ஏ.ஓ.: சண்டையை அப்புறம் வைத்துக்கொள்ளுங்கள். தம்பி, பழக்கவழக்கச் சோதனை மட்டுமே உரைகல் ஆகாது என்று 2023 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மகாராஷ்டிர வழக்குதான், ஆனால் உங்கள் வக்கீல் அதைக் காட்டலாம். உத்தரவின் அடியில் மேல்முறையீடு யாரிடம், எத்தனை நாளுக்குள் என்று போட்டிருக்கிறதா பாருங்கள். எந்த மாவட்டமானாலும் ஹைகோர்ட் என்றால் மதுரைக் கிளைதான். ஒரு வரி உத்தரவை ரத்து செய்து, மறுபடி விசாரிக்கச் சொல்லி அனுப்புவதுதான் வழக்கம். அடுத்த வாரத்துக்குள் கையில் சான்றிதழ் வராது. கலந்தாய்வுக்கு இடைக்கால உத்தரவு கேட்க முடியுமா என்று வக்கீலிடம் இன்றே பேசுங்கள்.

(நான்கு நாள் கழித்து)

புதுசு23: அப்பா சான்றிதழ் டிரங்குப் பெட்டியில் கிடைத்தது. தாசில்தார் கொடுத்ததுதான். ஆகஸ்ட் 1989. மதுரைக்குப் போய்க்கொண்டிருக்கிறோம். நன்றி ஐயா.

சட்டப்புலி: நான் பொதுவாகச் சொன்னேன்.

ஓய்வு வி.ஏ.ஓ.: மூலத்தைக் கையிலேயே வைத்திருங்கள், வக்கீலிடம் நகல் மட்டும் கொடுங்கள். அப்புறம் தம்பி, எந்த மாவட்டம் என்று கடைசிவரை சொல்லவே இல்லையே?