மலைத் தீயை நேரில் பார்த்தவர்கள் உண்டா?

தண்டையார்பேட்டையிலிருந்து:

குடிசைத் தீ பார்த்து வளர்ந்தவன் நான். கொருக்குப்பேட்டைப் பக்கம் கோடையில் ஒரு கூரை பற்றினால் வரிசையே போய்விடும். ஆனாலும் குடத்தில் தண்ணீர் தூக்கி ஓடிவர நாலு பேர் இருப்பார்கள், மணியடித்துக்கொண்டு வண்டியும் வரும். தீயைப் பற்றி எனக்குத் தெரியாததா என்ற நினைப்பு இருந்தது. இரண்டு வருடங்களுக்கு முன், ஒரு மாசி மாத இரவில், போடியில் மாமனார் வீட்டு மாடியில் அந்த நினைப்பு போயிற்று.

மேற்கே மலையில் சிவப்பாக ஒரு கோடு. "கோவில் திருவிழாவா மாமா?" என்று கேட்டேன். அவர் பதில் சொல்லாமல், தோளில் கிடந்த துண்டை உயர்த்திப் பிடித்து, காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று பார்த்தார்.

மறுநாள் மச்சானுடன் அடிவாரத்துக்குப் போனேன். தீத்தடுப்புக் காவலர்கள் பச்சைத் தழையை ஒடித்துத் தீயை அடித்துக்கொண்டிருந்தார்கள். குழாய் இல்லை, வண்டி ஏற வழியும் இல்லை. ஆளுயரப் புல் காய்ந்து நின்றது. தீ மேட்டில் ஏறும்போது ஓடும், பள்ளத்தில் இறங்கும்போது நடக்கும் என்றார் ஒருவர். சரிவில் எழும் அனல், மேலே நிற்கும் புல்லை முன்கூட்டியே காய்ச்சி வைத்துவிடுகிறது. சுடர் வந்து தொட்டால் போதும்.

2018 மார்ச் 11 அன்று குரங்கணி மலையில், கொழுக்குமலையிலிருந்து இறங்கியவர்கள் இப்படிப்பட்ட தீயில்தான் சிக்கினார்கள். 23 உயிர்கள் போயின. நம் சென்னையிலிருந்து போனவர்களும் அதில் உண்டு. "ஓடித் தப்பித்திருக்கலாமே" என்று அப்போது டீக்கடையில் பேசியவர்களில் நானும் ஒருவன். அடிவாரத்தில் நின்று அண்ணாந்து பார்த்தபோது அந்தப் பேச்சு நினைவுக்கு வந்தது. வெட்கமாக இருந்தது.

பெரம்பூரிலிருந்து:

தம்பி, நான் பார்த்தது வடக்கே. 2024 ஏப்ரல் கடைசியில் குடும்பத்தோடு நைனிடால் போயிருந்தோம். பனிமலை பார்க்க ஆசைப்பட்டுப் போனால் எங்கும் புகைமூட்டம். பேத்திக்கு இருமல் நிற்கவில்லை. அங்கே சீர் என்ற ஊசியிலை மரம் அதிகம். அதன் சருகு மெத்தை போலக் கிடக்கிறது, காலை வைத்தால் வழுக்குகிறது. பிசின் உள்ள இலை, கொளுத்த வேறெதுவும் வேண்டாம். விமானப்படை ஹெலிகாப்டர் பெரிய வாளியைத் தொங்கவிட்டு பீம்தால் ஏரியில் தண்ணீர் மொண்டு போனது. கோடையில் தண்ணீர் லாரிக்குக் குடத்தோடு நின்றவன் நான். அந்த மலையும் அப்படித்தான் காத்திருந்தது என்று தோன்றியது. ஒரு வாளி ஊற்றிவிட்டு அது திரும்பி வருவதற்குள் தீ பக்கத்து முகட்டுக்குத் தாவிவிடுமோ என்று பதைப்பாக இருந்தது.

கொடுங்கையூரிலிருந்து:

நான் மலை ஏறியதில்லை. எங்களுக்குக் குப்பைமேட்டுத் தீ போதும். மேலே அணைந்ததுபோல் இருக்கும், அடியில் கனன்றுகொண்டே கிடக்கும். வீட்டில் காயப்போட்ட துணியெல்லாம் புகை நாற்றம். தேனிப் பக்கம் வனத்துறையில் வேலை செய்யும் என் சித்தப்பா மகனும் காட்டைப் பற்றி இதையேதான் சொல்கிறான். பட்டுப்போன மரத்தின் அடிக்கட்டைக்குள் தீ ஒளிந்திருக்குமாம். அணைத்தாயிற்று என்று இறங்கி வந்தால் மறுநாள் காற்றில் மறுபடி எழுந்துவிடுமாம். இரவெல்லாம் காவல் இருந்துவிட்டுத்தான் அவன் வீடு திரும்புவான். தண்டையார்பேட்டை அண்ணனிடம் ஒரு கேள்வி. தழையால் அடித்தால் பொறி பறக்காதா?

தண்டையார்பேட்டையிலிருந்து:

பறக்கும் தங்கச்சி. நானும் ஒரு கொப்பை ஒடித்துக்கொண்டு வீரமாக ஓங்கி அடித்தேன். பொறி பறந்து எனக்குப் பின்னால் இருந்த புல் பற்றிக்கொண்டது. காவலர் ஒருவர் ஓடிவந்து அதை அணைத்தார். ஓங்கக் கூடாதாம், தழையைத் தீயின்மேல் வைத்து அழுத்தி, எரிந்த பக்கமாக இழுக்க வேண்டுமாம். சொல்லிக் கொடுத்துவிட்டு, என் கையிலிருந்த கொப்பை வாங்கிக்கொண்டு, தண்ணீர்க் குடத்துக்குக் காவலாக என்னை உட்கார வைத்துவிட்டார்.